ஆணி இறங்காத சுவர்

படம் அச்சாவதும் விருதுநகர் மாவட்டத்தில்தான், சிமென்ட் வருவதும் இந்த மாவட்டத்தில்தான். இரண்டையும் சேர்த்துவைக்க வேண்டிய ஆணியில்தான் தகராறு!

விருதுநகரிலிருந்து சாத்தூர் போகும் வழியில் இருக்கிறது ராமசாமி ராஜா நகர். ஆர்.ஆர்.நகர் என்று சொன்னால்தான் பஸ் கண்டக்டருக்குப் புரியும். இன்றைக்கு ராம்கோ என்று அறியப்படும் மெட்ராஸ் சிமென்ட்ஸ், 1960-களின் தொடக்கத்தில் தன் முதல் ஆலையை நிறுவியது இங்கேதான். அருப்புக்கோட்டைப் பக்கம் பந்தல்குடியில் சுண்ணாம்புக்கல் வெட்டுகிறார்கள். ஆலங்குளத்தில் 1970-ல் வந்த அரசு சிமென்ட் ஆலை. நடுவில் சிவகாசி. தமிழ்நாட்டு வீடுகளில் தொங்கும் தினசரி காலண்டரில் பெரும்பாலானவை இங்கிருந்து கிளம்பியவைதான். லட்சுமி, சரஸ்வதி, பழனி முருகன், வேளாங்கண்ணி மாதா, மெக்கா மதீனா, காமராஜர் என யார் படமாக இருந்தாலும் சரி.

ஆக, நம் வீட்டுச் சுவரும் அதில் மாட்டுகிற படமும் ஒரே மாவட்டத்துச் சரக்காக இருக்க நிறையவே வாய்ப்புண்டு. ஆனால், கிரகப்பிரவேசம் முடிந்த எந்த வீட்டிலாவது இந்த இரண்டும் சண்டையில்லாமல் சேர்ந்ததாகக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? முதல் ஆணி வளையும். இரண்டாவது ஆணி தெறித்து சோபாவுக்கு அடியில் போகும். மூன்றாவது ஆணிக்கு, பூச்சு உள்ளங்கை அகலம் பெயர்ந்து விழும். “எலெக்ட்ரீஷியன் வரட்டும், நீங்க கையை வெச்சுக்கிட்டு சும்மா இருங்க” என்று உள்ளேயிருந்து குரல் வரும். வந்த எலெக்ட்ரீஷியன் இரண்டு நிமிடத்தில் வேலையை முடித்துவிட்டு, சுவரைத் தட்டிப் பார்த்து, “இது லிண்டல் சார், இதுல எப்படி இறங்கும்?” என்பார்.

விஷயம் அந்த ஒரு வார்த்தையில்தான் இருக்கிறது. அதற்கு வருவதற்கு முன், இவ்வளவு படங்கள் நம் சுவருக்கு ஏன் வந்தன என்பதைப் பார்த்துவிடலாம்.

ஒற்றை ஆணியின் வெற்றி

சிவகாசியின் கதை ஊரறிந்தது. மழை பொய்க்கும் கரிசல் பூமி. 1922-ல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுவந்தார்கள். தீப்பெட்டிக்குப் பின்னால் பட்டாசு வந்தது. தீப்பெட்டிக்கும் பட்டாசுக்கும் லேபிள் வேண்டும் என்பதால் அச்சு வந்தது. ஈரம் இல்லாத காற்று மருந்துக்கும் நல்லது, காகிதத்துக்கும் நல்லது. லேபிள் அடித்துப் பழகிய மிஷின்கள் அடுத்ததாகக் காலண்டருக்குத் திரும்பின.

இதில் யாரும் அதிகம் கவனிக்காத ஒன்று, காலண்டரின் எடை. சட்டம் போட்ட படத்துக்குக் கண்ணாடி வேண்டும், பிரேம் வேண்டும், பின்னால் அட்டையும் கம்பியும் கொக்கியும் வேண்டும். இரண்டடிக்கு மூன்றடிப் படம் என்றால், 3 மில்லிமீட்டர் கண்ணாடி மட்டுமே 4 கிலோவைத் தாண்டிவிடும். காலண்டருக்கு இந்தத் தொல்லை கிடையாது. மாதக் காலண்டர் என்றால் தலையில் ஒரு தகரப் பட்டை, தினசரி என்றால் ஒரு கெட்டி அட்டை. எதுவானாலும் மாட்ட ஓர் ஓட்டை, சுவரில் ஓர் ஆணி போதும். குடிசையின் மண் சுவரிலும் தொங்கும், டீக்கடை மூங்கில் தட்டியிலும் தொங்கும். பிரேம் போட வசதியில்லாத வீட்டுக்குள் சாமியும் தலைவர்களும் நுழைந்தது இந்த லேசான எடையினால்தான் என்பது என் எண்ணம். விலையும் ஒரு காரணம். காலண்டரைக் காசு கொடுத்து வாங்குகிறவர்கள் குறைவு. மார்கழி பிறந்தால் போதும், மளிகைக் கடையிலும் மருந்துக் கடையிலும் ஜவுளிக் கடையிலும் ஒரே கேள்விதான்: “காலண்டர் வந்துருச்சா அண்ணாச்சி?”

அந்தக் காலண்டரின் வேலை ஆடியிலேயே தொடங்கிவிடுகிறது. ஒவ்வோர் ஆண்டும் ஆடிப்பெருக்கு அன்று அடுத்த ஆண்டுக்கான மாதிரி ஆல்பங்களைப் பூஜை போட்டு வெளியிடுவது சிவகாசி அச்சகங்களின் வழக்கம். ஏஜென்ட்டுகள் அந்த ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகக் கிளம்புவார்கள். தீபாவளி முடிந்து பட்டாசு ஆலைகள் ஓய்வெடுக்கும் நேரத்தில் அச்சகங்களில் இரவு பகலாக மிஷின் ஓடும்.

தினசரி காலண்டருக்கு மட்டும் ஒரு தனிக் குணம் உண்டு. மற்ற படங்கள் மாட்டிய இடத்தில் சும்மா இருக்கும். இதையோ தினமும் காலையில் யாராவது ஒருவர் பிடித்து இழுக்கிறார். ராகு காலம், எமகண்டம், சூலம், சந்திராஷ்டமம் பார்க்கத் தாளைக் கிழிக்கும்போதெல்லாம் ஆணி கீழ்நோக்கியும் வெளிநோக்கியும் ஓர் இழுப்பு வாங்குகிறது. வருடத்துக்கு 365 முறை. புரட்டாசியில் ஆடத் தொடங்கிய ஆணி கார்த்திகையில் கையோடு வந்துவிடுவது இதனால்தான். காலண்டர் லேசானதுதான், ஆனாலும் அரைகுறையாக இறங்கிய ஆணிக்கு அது பெரிய சோதனை.

சாய்ந்து நின்ற சாமிகள்

காலண்டருக்கு முன்பும் பின்பும் சட்டம் போட்ட படங்களுக்கு ஒரு தனிக் காலம் இருந்தது. ரவி வர்மா 1894-ல் பம்பாயில் அச்சகம் தொடங்கி சாமி படங்களை வீடுகளுக்கு அனுப்பினார். நம் பக்கத்தில் அந்த இடத்தைப் பிடித்தவர் சி.கொண்டையா ராஜு (1898 - 1976). மெட்ராஸ் ஓவியப் பள்ளியில் படித்தவர், திருவண்ணாமலையில் ரமணர் ஆசிரமத்தில் இருந்தவர், நாடகக் கம்பெனிக்குத் திரைச்சீலை வரைந்து ஊர் சுற்றியவர். 1940-களில் கோவில்பட்டியில் தங்கிவிட்டார். அங்கிருந்து சிவகாசி எட்டும் தூரம்தான். டி.எஸ்.சுப்பையா முதலான சீடர்களோடு அவர் வரைந்த படங்கள் சிவகாசி மிஷின்களில் ஏறி நாடெங்கும் போயின. மீனாட்சி கல்யாணம் என்றதும் நம் கண்ணுக்குள் ஒரு காட்சி வருகிறதே, அதில் அவர் கைவண்ணம் கலந்திருக்கிறது. இந்தக் கலையை ஆராய வெளிநாட்டிலிருந்து வந்தார்கள். கஜ்ரி ஜெயின் 2007-ல் வெளியிட்ட ‘காட்ஸ் இன் த பஜார்’ புத்தகம் சிவகாசியை உலகப் பல்கலைக்கழகங்களின் பாடமாக்கியது. நாம் அந்தப் படங்களைப் பழைய பேப்பர்காரருக்குப் போட்டுக்கொண்டிருந்தோம்.

பழைய வீடுகளில் அந்தப் படங்கள் நின்ற விதத்தைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். சுவரோடு ஒட்டி நிற்காது. கூடத்தில் ஆள் உயரத்துக்கு மேலே, கீழ் விளிம்பு இரண்டு மரக்கட்டைகளில் உட்கார்ந்திருக்க, மேல் விளிம்பு கயிற்றில் முன்பக்கம் சாய்ந்து நம்மைக் குனிந்து பார்க்கும். உயரத்தில் மாட்டினால் கண்ணாடியில் வெளிச்சம் பட்டுக் கூசும், அதனால்தான் சாய்வு என்பார்கள். உண்மைதான். ஆனால் அதைவிடப் பெரிய சூட்சுமம் எடையில் இருக்கிறது. படத்தின் கனம் முழுவதையும் கீழ்க்கட்டைகள் வாங்கிக்கொள்கின்றன. மேலே உள்ள ஆணிக்கு, படம் முன்னால் விழாமல் பிடித்துக்கொள்வது மட்டும்தான் வேலை. சுண்ணாம்புக் காரைச் சுவரில் ஆணி தளரும் என்று தெரிந்தவர்கள் யோசித்துச் செய்த ஏற்பாடு இது. மண் சுவர் என்றால், ஈரமாக இருக்கும்போதே மர முளையைப் பதித்துவிடுவார்கள். படத்துக்குப் பின்னால் கிடைத்த முக்கோண இடுக்கில் குருவி கூடு கட்டியது யாரும் திட்டமிடாத லாபம்.

கான்கிரீட் வீடு வந்ததும் இந்தச் சாய்வு போய்விட்டது. படங்கள் சுவரோடு ஒட்டிக்கொண்டன. கனம் முழுவதும் மேல் ஆணியின் தலையில் விழுந்தது. அந்த ஆணியும் எங்கே போய் உட்கார்ந்தது? வாசலுக்கு மேலே!

எது கான்கிரீட், எது இல்லை?

நாம் ‘கான்கிரீட் சுவர்’ என்று சொல்வதில் பெரும்பாலானவை கான்கிரீட்டே கிடையாது. செங்கல் அல்லது சிமென்ட் கல் கட்டுமானத்தின் மேல், அரை அங்குலத்துக்கும் முக்கால் அங்குலத்துக்கும் இடையில் சிமென்ட் பூச்சு. நிஜக் கான்கிரீட் இருப்பது பில்லரில், பீமில், கூரையில். அப்புறம் கதவு, ஜன்னல் நிலைகளுக்கு மேலே ஓடும் லிண்டலில். தரையிலிருந்து ஏழடி உயரத்தில், சுமார் அரையடி ஆழத்துக்கு ஒரு கான்கிரீட் பட்டை. பல வீடுகளில் அது வீட்டைச் சுற்றிலும் ஓடும்.

நம் ஆட்கள் படம் மாட்டப் பிரியப்படுகிற இடமும் அதே ஏழடிதான். வாசக்காலுக்கு மேலே சாமி, அடுத்த அறையின் கதவுக்கு மேலே தாத்தா பாட்டி. சுவர் முழுக்கச் செங்கல் இருக்க, அதில் கம்பி கட்டிய ஒரே இடத்தைத் தேடிப் பிடித்து ஆணி வைக்கிறோம்! ஆணி வளைந்தால் அரையடி மேலேயோ, கதவின் பக்கவாட்டிலோ நகர்ந்து பாருங்கள். பாதித் தகராறு அங்கேயே தீர்ந்துவிடும்.

சுத்தியல் காம்பால் தட்டினால் சுவரே சொல்லிவிடும். கணீரென்று கெட்டியாக எதிரொலித்தால் கான்கிரீட். சற்று மந்தமாக இருந்தால் செங்கல். டொக் டொக்கென்று பொள்ளலாகக் கேட்டால், பூச்சு பிடிப்பை விட்டிருக்கிறது அல்லது ஹாலோ பிளாக். பொள்ளல் இடத்தில் கனமான எதையும் மாட்டக் கூடாது.

சாதாரணக் கம்பி ஆணியைப் பூச்சில் அடித்தால், பூச்சின் கனத்துக்குள்ளேயே அது நின்றுவிடும். அதற்காகத்தான் ஸ்டீல் ஆணி. காலண்டருக்கும் சின்னப் படத்துக்கும் அது போதும். சட்டென்று ஒரே அடியாக அடிக்காமல், நேராகப் பிடித்துச் சின்னச் சின்ன அடியாக இறக்க வேண்டும். அது வளையாது, முறியும். முறிந்த துண்டு கண்ணைத் தேடி வரும். கண்ணாடி அணியாதவர்கள் ஒரு கூலிங் கிளாஸையாவது மாட்டிக்கொள்ளுங்கள், யார் சிரித்தாலும் பரவாயில்லை.

மூன்று நான்கு கிலோவைத் தாண்டினால் ஆணியை மறந்துவிட்டு டிரில்லிங் மிஷினை எடுக்க வேண்டியதுதான். சும்மா சுற்றுகிற மிஷின் கான்கிரீட்டில் வழுக்கும். சுற்றிக்கொண்டே இடிக்கிற ஹாமர் வகை வேண்டும். நுனியில் டங்ஸ்டன் கார்பைடு வைத்த பிட் கல்லைச் சீவுவதில்லை, நொறுக்குகிறது. 6 மில்லி பிட், 6 மில்லி பிளாஸ்டிக் பிளக், அதற்கேற்ற திருகாணி. வீட்டுப் படங்களில் பெரும்பாலானவற்றுக்கு இந்தக் கூட்டணி போதும். துளையின் ஆழம் பிளக்கைவிட ஐந்து பத்து மில்லி கூடுதலாக இருக்கட்டும். பிட்டில் அந்த அளவுக்கு ஒரு டேப் சுற்றிக்கொண்டால் கை தானாக நிற்கும். செங்கல் சுவர் என்றால் பிளக் பூச்சைத் தாண்டிக் கல்லுக்குள் போய் உட்கார வேண்டும். பூச்சோடு நின்ற பிளக், படத்தோடு பூச்சையும் சேர்த்துக் கொண்டுவந்துவிடும்.

துளை போட்டதும் உள்ளே இருக்கும் தூளை எடுப்பது அவசியம். பலர் செய்யாத வேலை இது. தூள் மேல் உட்கார்ந்த பிளக்குக்குப் பிடிமானம் கிடையாது. போன வருடக் காலண்டர் அட்டையை மடித்துத் துளைக்குக் கீழே டேப்பால் ஒட்டிவிட்டால் புழுதி தரைக்குப் போகாது. மூக்கை மட்டும் துணியால் கட்டிக்கொள்ளுங்கள், அந்தத் தூள் நுரையீரலுக்கு ஆகாது.

பிளக் வந்த கதையும் ஓர் அருங்காட்சியகத்தோடு சம்பந்தப்பட்டதுதான். முன்பெல்லாம் உளியால் சதுரக் குழி வெட்டி, மரக்கட்டை அடித்து, சுற்றிலும் பூசி, அதில் திருகாணி போடுவார்கள். லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் மின்சாரச் சாதனங்கள் மாட்ட வேண்டியிருந்தது. சுவர் கெடக் கூடாது என்றார்கள். 1910-களில் ஜான் ஜோசப் ராலிங்ஸ் என்ற ஒப்பந்தக்காரர் சணல் நாரையும் பசையையும் வைத்துச் சின்னக் குழாய் ஒன்று செய்தார். திருகாணி உள்ளே ஏற ஏற அது விரிந்து சுவரைப் பிடித்துக்கொண்டது. நம் ஹார்டுவேர் கடைகளில் இன்றும் வழங்கும் ‘ரால் பிளக்’ அவர் பெயரில் பாதி. நைலானில் அதைச் செய்தவர் ஜெர்மனியின் ஆர்தர் ஃபிஷர், 1958-ல்.

பில்லரில் துளை போட்டால் கம்பியில் இடிக்குமே என்று பயப்படுகிறவர்கள் உண்டு. கான்கிரீட்டுக்கான ஐ.எஸ். 456 விதிப்படி பில்லரில் கம்பிக்கு வெளியே 40 மில்லி கான்கிரீட் மூடியிருக்க வேண்டும். பூச்சு அதற்கு மேலே. ஒழுங்காகக் கட்டிய வீட்டில் படத்துக்கான துளை கம்பியை எட்டவே எட்டாது. எட்டினால், கொத்தனாரைப் பற்றி உங்களுக்கு ஒரு செய்தி கிடைத்திருக்கிறது என்று அர்த்தம். ஓரங்குலம் தள்ளிப் போடுங்கள். சுவிட்ச் போர்டுக்கு நேர் மேலும் நேர் கீழும் மட்டும் கை வைக்க வேண்டாம், ஒயர் பைப் ஓடும் வழி அது.

படத்தின் பின்னால் கம்பியை விறைப்பாகக் கட்டுவது இன்னொரு பழக்கம். பார்க்கக் கச்சிதம். ஆனால் கம்பி கிடைமட்டத்துக்கு 30 டிகிரியில் நின்றால், 5 கிலோ படத்துக்கு ஒவ்வொரு பக்கக் கம்பியிலும் 5 கிலோ இழுவிசை. 60 டிகிரிக்குத் தளர்த்திக் கட்டினால் அது மூன்று கிலோவுக்கும் கீழே வந்துவிடும். கம்பி அறுந்து படம் விழுந்தால் அபசகுனம் என்று ஜோசியரிடம் ஓடுவதற்குமுன் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கலாம்.

வீட்டுக்காரர் சம்மதம்

இத்தனையும் சொந்த வீட்டுக்காரர்களுக்கு. வாடகை வீடு என்றால் பேச்சு வேறு மாதிரி போகும். விருதுநகரிலோ சிவகாசியிலோ வீடு பார்க்கப் போனால் இது நிச்சயம்:

“அட்வான்ஸ் அஞ்சு மாசம் தம்பி. தண்ணி பிரச்னை கிடையாது. ஒண்ணே ஒண்ணு, சுவத்துல ஆணி மட்டும் அடிக்கக் கூடாது.”

“சாமி படம் மாட்டணுமே அண்ணாச்சி...”

“அதுக்குத்தான் ஷெல்ஃப் போட்டிருக்கோம்ல.”

வீட்டுக்காரர்மேல் தப்பில்லை. கண்டபடி அடித்த ஆணிக்குப் பெயர்ந்த பூச்சைப் பார்த்து நொந்தவர் அவர். ஒட்டும் கொக்கியை நம்பினால், பங்குனி சித்திரை வெயிலில் பசை இளகிவிடும். பழைய டிஸ்டெம்பர் சுவர் என்றால் பெயின்ட் தோலோடு உரிந்து வரும். மிஷினில் சுத்தமாகப் போட்ட 6 மில்லி துளை இவை எல்லாவற்றையும்விட நாகரிகமானது. காலி செய்யும்போது பிளக்கை உருவிவிட்டு, ஒயிட் சிமென்ட் வைத்து அடைத்தால் இடமே தெரியாது. இதை முன்கூட்டியே சொல்லி அனுமதி வாங்கியவர்களும் உண்டு. “சரி, ரெண்டே ரெண்டு” என்பதோடு பேரம் முடியும்.

ஆணியே கூடாத அறைகள்

இதே மண்ணில் வேறொரு காரணத்துக்காக ஆணி விலக்கப்பட்ட சுவர்கள் இருக்கின்றன. இந்தியாவின் பட்டாசில் சுமார் 90 சதவீதம் சிவகாசி வட்டாரத்தில் தயாராகிறது. மருந்து கலக்கிற, செலுத்துகிற அறைகளில் இரும்பு வெளியே தெரியக் கூடாது என்பது வெடிபொருள் விதி. சுவர், பலகை, அலமாரி எதிலும் தெரியக் கூடாது. புழங்கும் கருவிகள் மரத்திலோ பித்தளையிலோ செம்பிலோ இருக்க வேண்டும். இரும்பில் இரும்பு உரசினால் ஒரு பொறி, ஒரு பொறி என்றால் அந்த அறையே போய்விடும். உள்ளே போகுமுன் செம்புத் தகட்டைத் தொட்டு உடம்பிலுள்ள மின்னேற்றத்தை இறக்கிவிட்டுப் போக வேண்டும். அறைக்கு அறை இடைவெளி. அறைக்கு நான்கு பேர்தான். சுவரில் படம் கிடையாது, எழுத்து உண்டு: அறையின் எண், என்ன வேலை, எத்தனை ஆள், எத்தனை கிலோ. சாமி படங்கள் ஆபீஸ் அறையோடு நின்றுவிடுகின்றன.

அந்த எழுத்தை மீறியபோதெல்லாம் என்ன நடந்தது என்பது தெரியும். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டி பட்டாசு ஆலை வெடி விபத்தில் சுமார் 40 பேர் இறந்தார்கள். முதல் வெடிச் சத்தம் கேட்டு உதவவும் பார்க்கவும் ஓடிவந்தவர்கள் அதில் பலர். 2021 பிப்ரவரி 12 அன்று சாத்தூர் அருகே அச்சங்குளத்தில் 20-க்கும் மேற்பட்டவர்கள். 2025 ஜூலை 1 அன்று சின்னக்காமன்பட்டியில் மறுபடியும் ஒரு வெடி விபத்து. வெம்பக்கோட்டை, சாத்தூர், சிவகாசி சுற்றுவட்டாரக் கிராமங்களில் பட்டாசில் போனவர் படம் மாட்டிய வீடுகள் பல. ரேஷன் கார்டுக்கு எடுத்த பாஸ்போர்ட் சைஸ் படத்தை ஸ்டூடியோவில் கொடுத்துப் பெரிதாக்கி, கோட்டு சூட்டு பொருத்தி, பின்னால் மலையோ பூந்தோட்டமோ சேர்த்துத் தருவார்கள். சந்தனப் பொட்டு, பிளாஸ்டிக் மாலை, ஒரு சின்ன பல்பு. பல்புக்கும் மாலைக்கும் தனித்தனி ஆணி. ஆகப் படத்துக்கு மூன்று ஆணி, மூன்றும் வாசலுக்கு மேலே, அதே லிண்டலில்.

குடிசைகளெல்லாம் வேகமாகக் கான்கிரீட்டுக்கு மாறுகின்றன. 2024-ல் தொடங்கிய ‘கலைஞரின் கனவு இல்லம்’ திட்டத்தில் வீட்டுக்கு 3.5 லட்சம் ரூபாய். 360 சதுர அடி வீட்டில் 300 சதுர அடிக்குக் கான்கிரீட் கூரை. அந்தக் கூரை வார்ப்பதற்கு முந்தின நாள் கம்பி கட்டும்போது, ஃபேனுக்குக் கொக்கி வைக்க யாரும் மறப்பதில்லை. பிள்ளை பிறந்தால் தொட்டில் கட்ட வேண்டுமே என்று கூடுதலாக ஒரு கொக்கி கேட்டு வாங்குகிற பாட்டிகளும் உண்டு. லிண்டலுக்கு மட்டும் யாரும் எதுவும் கேட்பதில்லை. அரையடிக் கம்பித் துண்டுகள் இரண்டை வளைத்து, நுனி வெளியே தெரிகிற மாதிரி லிண்டல் கம்பியோடு சேர்த்துக் கட்டிவிட்டால், ஒரு தலைமுறைக்கு அந்த வாசலுக்கு மேலே ஆணி தேவைப்படாது. செலவு என்று சொல்ல ஒன்றுமில்லை, சைட்டில் கழித்துப்போட்ட துண்டுக் கம்பியே போதும். துரு ஏறாமலிருக்க மேலே ஒரு கோட்டிங் ரெட் ஆக்சைடு. ஒன்றே ஒன்று, லிண்டல் போடுவதற்குமுன் கம்பி கட்டுகிறவரிடம் சொல்லிவிட வேண்டும். மறுநாள் சொன்னால் டிரில்லிங் மிஷின்தான்.